நீக்கிய விளையாட்டு மெனுவில் மீண்டும் வந்தால்: மாற்றியமைத்த மினி கன்சோல்களுக்கான பிழை நீக்கும் வழிமுறை

கீழக்கரை, பெரியபட்டினம், தொண்டி போன்ற கடற்கரை ஊர்களில் வெளிநாட்டில் வேலை பார்க்கும் சபுராளிகள் விடுமுறைக்கு வரும்போது கொண்டுவரும் பெட்டிகளில், டிவியில் இணைத்து விளையாடும் நின்டெண்டோவின் சிறிய கன்சோல் ஒன்று இருப்பது புதிதல்ல. 2016 நவம்பரில் வெளிவந்த என்.இ.எஸ். மினியில் 30 விளையாட்டுகளும், 2017 செப்டம்பரில் வெளிவந்த எஸ்.என்.இ.எஸ். மினியில் 21 விளையாட்டுகளும் மட்டுமே தொழிற்சாலையில் ஏற்றப்பட்டவை. கைமாறி வரும் கருவிகளிலோ, விற்றவர் ஹக்சி என்னும் மென்பொருளைக் கொண்டு நூற்றுக்கணக்கான விளையாட்டுகளைக் கூடுதலாகத் திணித்திருப்பார். அவற்றில் பல ஜப்பானிய மொழியில் இருக்கும். ஒரே விளையாட்டு மூன்று முறை வரும். பிள்ளைகள் கையில் கொடுக்கத் தயங்கும் பச்சிங்கோ, குதிரைப் பந்தயம், மாஜாங் வகைச் சூதாட்டங்களும் இடையிடையே கலந்திருக்கும். இவற்றைக் களைய முற்படும்போது எழும் சிக்கல்களை, கண்ணுக்குத் தெரியும் அறிகுறியின் வரிசையில் இங்கே தருகிறேன்.

அறிகுறிகளுக்குப் போகுமுன் ஒரு செய்தியை மனத்தில் இருத்த வேண்டும். டிவியில் தெரியும் மெனுவில் ஒரு பெயர் இருப்பதற்கு நான்கு இடங்களில் ஏதேனும் ஒன்று காரணமாக இருக்கலாம்: கணினியில் ஹக்சி வைத்திருக்கும் பட்டியல், கன்சோலின் உள்நினைவகத்தில் எழுதத்தக்க பகுதி, கன்சோலில் செருகியிருக்கும் பென்டிரைவ், தொழிற்சாலை விளையாட்டுகள் உறையும் எழுத முடியாத பகுதி. ஓரிடத்தில் நீக்கிவிட்டு மற்றோரிடத்தில் பலனை எதிர்பார்ப்பதால்தான் பெரும்பாலான குழப்பம் வருகிறது. ஆகவே எந்த விளையாட்டையும் நீக்குமுன் அது எங்கே குடியிருக்கிறது என்பதைக் கண்டுபிடிப்பதே முதல் வேலை.

கணினியில் நீக்கிய பிறகும் டிவியில் அதே விளையாட்டு தெரிகிறது

ஹக்சியின் பட்டியலில் ஒரு விளையாட்டைத் தேர்ந்து 'டெலீட்' கொடுத்தால், அது கணினியில் உள்ள நகலை மட்டுமே அழிக்கும். கன்சோலுக்கு அந்தச் செய்தி போய்ச் சேர வேண்டுமானால், கன்சோலைக் கேபிளால் இணைத்து, 'சிங்க்ரனைஸ்' (ஒத்திசை) என்று தொடங்கும் பொத்தானை அழுத்தி, பரிமாற்றம் முடிந்து கன்சோல் தானாக மறுதொடக்கம் ஆகும்வரை காத்திருக்க வேண்டும். விளையாட்டை அடியோடு அழிக்கவும் தேவையில்லை. அதன் பெயருக்கு முன்னுள்ள கட்டத்தில் இருக்கும் குறியை எடுத்துவிட்டு ஒத்திசைத்தாலே கன்சோலிலிருந்து அது போய்விடும். கணினியில் நகல் அப்படியே இருக்கும். பின்னொரு நாள் அண்ணன் மகன் வந்து அந்த விளையாட்டையே கேட்கும்போது, குறியைத் திரும்பப் போட்டால் போதும். அழிப்பதைவிடக் குறியெடுப்பதே நல்ல பழக்கம் என்பது என் கருத்து.

ஒத்திசைவு பிழையின்றி முடிந்த பிறகும் பழைய பட்டியலே வந்தால், கன்சோலின் பின்புறத்தைத் திருப்பிப் பாருங்கள். பல விற்பனையாளர்கள் உள்நினைவகத்தில் இடம் போதாமல், மின்சாரம் ஏறும் மைக்ரோ யு.எஸ்.பி. துளையில் ஓ.டி.ஜி. கேபிள் ஒன்றைப் பூட்டி, அதில் பென்டிரைவைச் செருகிக் கொடுத்திருப்பார்கள். பென்டிரைவில் 'ஹக்சி' என்ற கோப்புறையும் அதற்குள் 'கேம்ஸ்' என்ற கோப்புறையும் இருந்தால், கன்சோல் உள்நினைவகத்தைப் பாராமல் பென்டிரைவின் பட்டியலையே காட்டும். கணினியோடு இணைப்பதும் அதே துளையின் வழியாகத்தான் என்பதால், ஒத்திசைக்கும் நேரத்தில் பென்டிரைவ் கழற்றப்பட்டிருக்கும். எனவே நீங்கள் செய்த மாற்றம் உள்நினைவகத்துக்குப் போய்விடும். டிவியின் முன் அமர்ந்து பென்டிரைவைத் திரும்பச் செருகியதும் பழைய பட்டியல் உயிர்பெறும். இதைச் சோதிப்பது எளிது. பென்டிரைவ் இல்லாமல் கன்சோலை நேரடியாகச் சார்ஜரில் இணைத்து ஒருமுறை இயக்குங்கள். நீக்கிய விளையாட்டு அப்போது காணப்படாவிட்டால், உங்கள் நீக்கம் சரியாகவே நடந்திருக்கிறது. பென்டிரைவைக் கணினியில் செருகி, ஹக்சியில் 'எக்ஸ்போர்ட் கேம்ஸ்' என்ற கட்டளையால் புதிய பட்டியலை அதன்மேல் எழுத வேண்டும். பென்டிரைவுக்குள் கையால் புகுந்து ஒவ்வொரு கோப்புறையாக அழிப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். பெயர் ஓரிடத்திலும் கோப்பு வேறிடத்திலுமாக அங்கே சேமிக்கப்பட்டிருக்கும் என்பதால், பாதி அழிந்த பதிவுகள் மெனுவில் எஞ்சி நிற்கும்.

ஒன்றை நீக்கப் போய் எல்லா விளையாட்டுகளும் மறைந்துவிட்டன

கைமாறி வந்த கருவிகளில் இதுவே மிகவும் மனவருத்தம் தரும் நிலை. ஆகவே தவிர்க்கும் வழியை முன்கூட்டியே அறிந்திருப்பது நல்லது. ஒத்திசைவு என்பது கணினியில் குறியிடப்பட்ட பட்டியலைக் கன்சோலில் அப்படியே படியெடுப்பதாகும். விற்றவரின் கணினியில் ஐந்நூறு விளையாட்டுகள் கொண்ட பட்டியல் இருந்திருக்கும். நீங்கள் உங்கள் கணினியில் புதிதாக நிறுவிய ஹக்சியில் தொழிற்சாலை விளையாட்டுகளைத் தவிர வேறெதுவும் இராது. அந்த நிலையில் ஒத்திசைத்தால், உங்கள் பட்டியலில் இல்லாத ஐந்நூறும் தேவையற்றவை என்று கருதப்பட்டு நீக்கப்படும். மென்பொருள் பிழை செய்யவில்லை, சொன்னதைச் செய்திருக்கிறது.

ஒத்திசைப்பதற்கு முன்பே இதை உணர்ந்தவர்கள், கன்சோலை இணைத்த நிலையில் ஹக்சியின் மெனுவிலிருந்து எஃப்.டி.பி. என்னும் கோப்புப் பரிமாற்ற முறை வழியாகக் கன்சோலின் கோப்புறைகளைத் திறந்து, விளையாட்டுக் கோப்புகளைக் கணினிக்கு நகலெடுத்துக்கொள்ள வேண்டும். அவற்றில் வேண்டியவற்றை மட்டும் பட்டியலில் சேர்த்து, அதன்பின் ஒத்திசைத்தால் ஒன்றும் இழப்பில்லை. நகலெடுக்காமல் ஒத்திசைத்துவிட்டவர்களுக்குக் கன்சோலிலிருந்து அவற்றை மீட்கும் நம்பகமான வழி கிடையாது. விற்றவரிடம் கேட்பது ஒன்றே வழி. அவர் ஏற்றிக் கொடுத்தவற்றில் பெரும்பாலானவை உரிமை பெறாத பிரதிகளாகவே இருக்கும் என்பதையும் இங்கே குறிப்பிட வேண்டும். சொந்தமாக வாங்கி வைத்திருக்கும் விளையாட்டுகளின் பிரதியை மட்டும் ஏற்றுவதே முறையானது.

கணினி கன்சோலைக் கண்டுகொள்வதே இல்லை

நீக்கம் பற்றிய வினாக்களில் பாதி உண்மையில் இணைப்பைப் பற்றியவை. முதலில் கேபிளை மாற்றுங்கள். வீட்டில் கிடக்கும் மைக்ரோ யு.எஸ்.பி. கேபிள்களில் பல, மின்சாரத்தை மட்டும் கடத்துபவை. அவற்றில் கன்சோலின் விளக்கு எரியும், தரவு நகராது. கன்சோலோடு பெட்டியில் வந்த கேபிள் தரவையும் கடத்தும் என்பதால், அதைத் தேடியெடுப்பது வீண்வேலை அல்ல.

கேபிள் சரியாக இருந்தும் இணைப்பு விட்டுவிட்டு வந்தால், துளையைக் கூர்ந்து பார்க்க வேண்டும். பாம்பன், தங்கச்சிமடம், மண்டபம் பகுதிகளில், அதிலும் கச்சான் காற்று வீசும் மாதங்களில், ஜன்னலோரம் டிவி வைத்திருக்கும் வீடுகளில் உப்பு ஈரம் எல்லா உலோகத்திலும் படிந்துவிடுகிறது. மைக்ரோ யு.எஸ்.பி. துளையில் மின்சாரத்துக்கான ஊசிகளும் தரவுக்கான ஊசிகளும் தனித்தனியே இருப்பதால், தரவு ஊசிகளில் மட்டும் பச்சை படிந்திருக்கும்போது கன்சோல் டிவியில் குறையின்றி இயங்கும், கணினியில் மட்டும் தெரியாது. 'நேற்றுவரை நன்றாக விளையாடினோமே' என்று வீட்டார் சொல்வதில் பொய்யில்லை. மின்சாரத்தை முற்றிலும் துண்டித்து, மொபைல் பழுதுபார்க்கும் கடைகளில் பயன்படுத்தும் ஐ.பி.ஏ. (ஐசோபுரோப்பைல் ஆல்கஹால்) திரவத்தை மென்மையான தூரிகையில் தொட்டுத் துளையைத் துடைத்து, நன்கு உலர்ந்த பிறகு முயலுங்கள். ஊசியோ உப்புத்தாளோ கொண்டு சுரண்டினால் ஊசிகளின் மேல்பூச்சு போய், அடுத்த பருவத்தில் அரிப்பு இன்னும் விரைவாக வரும்.

இவை இரண்டும் சரியென்றால், கன்சோலை இயக்கி இணைக்கும் முறையின் பக்கம் திரும்பலாம். ஹக்சி ஏற்கெனவே நிறுவப்பட்ட கன்சோலை வழக்கம்போல் இயக்கினாலே கணினி அதை அறிந்துகொள்ள வேண்டும். ரீசெட் பொத்தானை அழுத்தியபடி மின்பொத்தானைத் தள்ளும் முறை, முதன்முறை நிறுவும்போதும் மீட்கும்போதும் மட்டுமே தேவைப்படுவது. அந்த முறையில் விளக்கு எரியாது. அதைக் கண்டு கன்சோல் பழுதாகிவிட்டதென்று முடிவுகட்ட வேண்டாம். கணினியின் முன்பக்கத் துளைகளையும் யு.எஸ்.பி. ஹப்புகளையும் தவிர்த்து, பின்பக்கத் துளையில் நேரடியாக இணைத்துப் பார்ப்பதும் பலன் தரும்.

தொழிற்சாலை விளையாட்டுகள் அழிய மறுக்கின்றன, அல்லது போன பிறகும் இடம் கூடவில்லை

இரண்டு மினிகளிலும் 512 எம்பி உள்நினைவகம் இருக்கிறது. அதில் இயங்குதளமும் தொழிற்சாலை விளையாட்டுகளும் சுருக்கி அடுக்கப்பட்ட, படிக்க மட்டுமே முடிகிற ஒரு பகுதியில் இருக்கின்றன. கூடுதல் விளையாட்டுகளுக்கும் சேமிப்புகளுக்கும் எஞ்சுவது ஏறத்தாழ 300 எம்பி. ஹக்சியில் 'ஒரிஜினல் கேம்ஸ்' தொகுதியில் ஒன்றின் குறியை எடுத்தால், அது மெனுவில் தெரியாமல் மறைக்கப்படுகிறதே தவிர, அழிக்கப்படுவதில்லை. ஆகவே இடம் கூடாதது இயல்பு. இது குறையன்று, கருவியைப் பிறருக்குக் கொடுக்கும் நாளில் ஹக்சியை நீக்கிவிட்டு முதல் நிலைக்குத் திருப்பினால், அனைத்தும் பழையபடி கிடைப்பதற்கு இந்த அமைப்பே காரணம். எழுத முடியாத பகுதியை மாற்றி எழுதி இடம் பிடிக்கும் முயற்சிகள், கிடைக்கும் சொற்ப இடத்துக்குப் பெரிய இடர்.

எஸ்.என்.இ.எஸ். மினி வைத்திருப்பவர்கள் ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும். ஸ்டார் ஃபாக்ஸ் விளையாட்டின் முதல் கட்டத்தை வென்றால்தான் ஸ்டார் ஃபாக்ஸ் 2 திறக்கும். விண்வெளிச் சண்டை வீட்டில் யாருக்கும் பிடிக்கவில்லை என்று முதலாவதை மறைத்துவிட்டு, இரண்டாவது ஏன் பூட்டியே கிடக்கிறது என்று தேடுவதைவிட, ஒருமுறை அந்தக் கட்டத்தை முடித்துவிட்டு மறைப்பது மேல்.

ஒரே விளையாட்டு இரண்டு மூன்று முறை வருகிறது, எதை நீக்குவது

ஹக்சி ஒவ்வொரு விளையாட்டுக்கும், கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணிக்கப்படும் சரிபார்ப்பு எண்ணைக் கொண்டு ஒரு குறியீடு வழங்குகிறது. பெயர் ஒன்றாக இருந்தாலும் உள்ளடக்கத்தில் ஒரு பைட் வேறுபட்டால் குறியீடும் வேறுபடும். எனவே அமெரிக்க, ஜப்பானிய, ஐரோப்பியப் பதிப்புகள் மூன்றும் மூன்று விளையாட்டுகளாகவே மெனுவில் நிற்கும். எதை வைத்துக்கொள்வது என்பதற்கு மூலக் கோப்பின் பெயரே வழிகாட்டும். அடைப்புக்குறிக்குள் யு.எஸ்.ஏ. என்றிருப்பதை வைத்துக்கொள்வது நம் வீடுகளுக்குப் பொருத்தம். ஆங்கிலமாவது படிக்க முடியும். ஐரோப்பியப் பதிப்பும் பெரும்பாலும் ஆங்கிலத்தில்தான் இருக்கும். ஆனால் அது நொடிக்கு 50 படம் காட்டும் பால் (PAL) என்னும் பழைய தொலைக்காட்சி முறைக்காக ஆக்கப்பட்டது. 60 படம் காட்டும் முறைக்காக எழுதிய விளையாட்டைச் சீர்செய்யாமலே அதற்கு மாற்றியிருந்தால், ஓட்டமும் இசையும் ஆறில் ஒரு பங்கு மெதுவாகும். 'விளையாட்டு இழுக்கிறது, கன்சோல் பழுது' என்று கொண்டுவரப்படும் சில கருவிகளில் உண்மையான குற்றவாளி இந்தப் பதிப்புதான். அதை நீக்கிவிட்டு அமெரிக்கப் பதிப்பை வைத்தால் பழுதும் நீங்கும்.

பழைய தொகுப்புகளில் வேறொரு வழக்கமும் உண்டு. பகரக் குறிக்குள் ஆச்சரியக்குறி இருந்தால் அது சரிபார்க்கப்பட்ட நல்ல பிரதி. 'பி' என்ற சிறிய ஆங்கில எழுத்து இருந்தால் சிதைந்த பிரதி, 'எச்' இருந்தால் யாரோ மாற்றியது, 'ஓ' இருந்தால் தேவைக்கு மிஞ்சிய தரவு ஒட்டிக்கொண்டது, 'டி' இருந்தால் ஏமாற்றுவித்தைகள் சேர்த்தது. சிதைந்த பிரதிகளைத் தயங்காமல் நீக்கலாம். மெனுவிலிருந்து தேர்ந்தெடுத்ததும் கருந்திரை காட்டிவிட்டுத் திரும்பும் விளையாட்டுகளில் பல இவையே. மெனுவில் காட்டப்படும் பெயரில் இக்குறிகள் இராது என்பதால், கணினியில் மூலக் கோப்புகள் உள்ள கோப்புறையைத் திறந்து வைத்துக்கொண்டு தேர்வு செய்யுங்கள். மேக் கணினியில் நகலெடுத்த பென்டிரைவாக இருந்தால், புள்ளியும் அடிக்கோடும் கொண்டு தொடங்கும் மறைகோப்புகள் இரட்டைப் பதிவுகளாகத் தோன்றலாம். அவை விளையாட்டுகளே அல்ல, நீக்கிவிடலாம்.

நீக்கிய பிறகும் நினைவகம் நிறைந்தே இருக்கிறது

விளையாட்டு போனாலும் அதன் சேமிப்பு போவதில்லை. ஒவ்வொரு விளையாட்டுக்கும் நான்கு இடைநிறுத்தப் புள்ளிகளை இக்கருவிகள் தருகின்றன. நூறு விளையாட்டுகளைத் தொட்டுப் பார்த்த வீட்டில் அவற்றின் எச்சம் கணிசமாக இருக்கும். ஹக்சியின் 'சேவ்-ஸ்டேட் மேனேஜர்' என்ற பகுதியைத் திறந்தால், எந்த விளையாட்டின் சேமிப்பு எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று தெரியும். பட்டியலில் இல்லாதவற்றை அங்கிருந்து அழிக்கலாம். பிள்ளைகளைக் கேட்காமல் இதைச் செய்ய வேண்டாம்.

அடுத்து, விற்றவர் நிறுவிய ரெட்ரோஆர்ச் போன்ற கூடுதல் கூறுகள். வேறு கன்சோல்களின் விளையாட்டுகளை இயக்க இவை தேவைப்பட்டிருக்கும். அவ்விளையாட்டுகளை எல்லாம் நீக்கிவிட்ட பிறகு, இக்கூறுகள் பல எம்பி இடத்தை வீணே பிடித்துக்கொண்டிருக்கும். ஹக்சியில் கூறுகளை நீக்குவதற்கென்று தனிக் கட்டளை இருக்கிறது. ஆனால் எஞ்சியுள்ள எந்த விளையாட்டும் அவற்றை நம்பியிருக்கவில்லை என்பது தெரிந்த பிறகே அதை நாடுங்கள். பென்டிரைவில் இடம் கூடவில்லை என்றால் காரணம் இன்னும் எளிது: லினக்ஸிலும் மேக்கிலும் அழித்த கோப்புகள் பென்டிரைவுக்குள்ளேயே மறைவான குப்பைக் கோப்புறையில் தங்கிவிடும், அதைக் காலி செய்தால் இடம் திரும்பும்.

நீக்கிய பிறகு சி என்ற எழுத்தும் எண்ணும் திரையில் வந்து நின்றுவிடுகிறது

பரிமாற்றம் பாதியில் அறுந்ததே இதற்குப் பொதுவான காரணம். பராமரிப்புக்காக மின்சாரம் நிறுத்தப்படும் நாளிலும், ஐப்பசி கார்த்திகை மழையில் மின்சாரம் வந்து வந்து போகும் நாளிலும், யு.பி.எஸ். இல்லாத மேசைக் கணினியில் இந்த வேலையைத் தொடங்காதீர்கள். மடிக்கணினியில் மின்கலம் நிறைந்திருக்கும்போது செய்வது நல்லது. அறுந்துவிட்டாலும் அஞ்ச வேண்டியதில்லை. மெனு விழுந்துவிட்டபோதும் அதன் அடியில் ஹக்சியின் கெர்னல் என்னும் அடிப்படை நிரல் பெரும்பாலும் உயிரோடு இருக்கும். கன்சோலைக் கணினியில் இணைத்து, எல்லாக் குறிகளையும் எடுத்துவிட்டுத் தொழிற்சாலை விளையாட்டுகளை மட்டும் வைத்து ஒத்திசையுங்கள். மெனு திரும்பி வந்தால், மற்றவற்றைச் சிறுசிறு தொகுதிகளாகச் சேர்த்துக்கொண்டே போகலாம். எந்தத் தொகுதியில் பிழை திரும்புகிறதோ அதில்தான் குற்றவாளி இருக்கிறது. ஒரே பக்கத்தில் அளவுமீறிப் பெயர்களை அடுக்கினாலும் மெனு தடுமாறும். ஒரு கோப்புறைக்கு 30 என்ற அளவில் நிறுத்துவது நலம்.

இணைப்பும் கிடைக்கவில்லை என்றால், முன்னர் சொன்ன ரீசெட் பொத்தான் முறையைக் கையாளலாம். அது ஆல்வின்னர் ஆர்16 சில்லுக்குள்ளேயே பதிந்திருக்கும் தொடக்க நிரலைச் சார்ந்தது. உள்நினைவகத்தில் என்ன கெட்டிருந்தாலும் அது கெடுவதில்லை. இந்த ஒரு காரணத்தால், நின்டெண்டோ மினிகளை மென்பொருளால் நிரந்தரமாகப் பாழாக்குவது மிகக் கடினம்.

பிளேஸ்டேஷன் கிளாசிக்கில் நீக்கிய விளையாட்டு பெயரளவில் நிற்கிறது

2018 டிசம்பரில் 20 விளையாட்டுகளோடு வந்த இக்கருவியின் கதை வேறு. இதில் ஆட்டோபிளீம் போன்ற மென்பொருள் பென்டிரைவிலேயே இருக்கும். 'கேம்ஸ்' கோப்புறைக்குள் ஒவ்வொரு விளையாட்டுக்கும் தனிக் கோப்புறை. பெரிய கோப்பான 'பின்'னை மட்டும் அழித்து, அதனுடன் வரும் சிறிய 'க்யூ' கோப்பை விட்டுவிட்டால் பெயர் நிற்கும், விளையாட்டு திறக்காது. முழுக் கோப்புறையையும் நீக்கி, அடுத்த தொடக்கத்தில் மறுபடி ஸ்கேன் செய்யச் சொல்ல வேண்டும். ஆச்சரியக்குறியில் தொடங்கும் கோப்புறைகள் சேமிப்புகளுக்கும் மெமரி கார்டுகளுக்கும் உரியவை. அவற்றைத் தொட வேண்டாம்.

நீக்குவதற்கான வழியே தென்படவில்லை

620 விளையாட்டுகள் என்று பெட்டியில் அச்சிட்டு, என்.இ.எஸ். மினியின் உருவத்தில் திருவிழாக் கடைகளிலும் இணையத்திலும் மலிவாகக் கிடைக்கும் கருவிகள் நின்டெண்டோவின் தயாரிப்புகள் அல்ல. அவற்றின் விளையாட்டுகள் பலகையில் கருப்புப் பிசின் மூடிய சில்லில் எழுதப்பட்டவை. கணினியோடு பேசுவதற்கு அவற்றில் வழியில்லை, ஹக்சியும் அவற்றை அறியாது. டிவியின் எச்.டி.எம்.ஐ. துளையில் செருகும் கேம் குச்சிகளில் மைக்ரோ எஸ்டி கார்டு இருந்தால் ஓரளவு வழியுண்டு. கார்டு முழுவதையும் முதலில் கணினியில் படியெடுத்துக்கொண்டு, பிறகு வேண்டாத கோப்பை நீக்கிப் பாருங்கள். பல குச்சிகளில் பெயர்ப் பட்டியல் தனிக் கோப்பில் இருப்பதால் பெயர் நிற்கும், விளையாட்டு மட்டும் திறக்காது. பிள்ளைகள் சூதாட்ட விளையாட்டுகளைத் திறக்கக் கூடாது என்பதுதான் நோக்கமென்றால், அந்த அளவே போதுமானது.